நோட்டீஸில் இல்லாத பெயர்

எஸ்பிஎம் தேர்வு முடிவு வந்த வாரம் எங்கள் வீட்டில் தொலைபேசி ஓயவே இல்லை. சித்தப்பா, பெரியம்மா, பினாங்கில் இருக்கும் நாத்தனார், கணவரோடு வேலை செய்பவர்கள் என்று எல்லாரிடமிருந்தும் ஒரே கேள்வி: “பிள்ளை அடுத்து என்ன செய்யப் போவுது?” மெட்ரிகுலேஷனா, படிவம் ஆறா, பாலிடெக்னிக்கா? எனக்கு அந்தக் கேள்வி பிடித்திருந்தது. மகள் நன்றாகத் தேறியிருந்தாள். நான் கூலிம் ஹைடெக் பார்க்கில் ஒரு தொழிற்சாலையின் தரக் கட்டுப்பாட்டுப் பிரிவில் இருபது ஆண்டுகளாக வேலை செய்கிறேன். மகள் பொறியியல் படித்து, நான் நின்று வேலை செய்யும் இடத்தில் உட்கார்ந்து வேலை செய்ய வேண்டும் என்பது என் கணக்கு.

ஞாயிற்றுக்கிழமை மதியம் எல்லாரும் சாப்பிட உட்கார்ந்திருந்தபோது அவள் மெதுவாகச் சொன்னாள்.

“நான் சினிமா படிக்கப் போறேன்மா. நடிக்க இல்ல, படம் எடுக்க. கே.எல்.ல இன்டர்வியூவுக்குக் கூப்பிட்டிருக்காங்க.”

கணவர் சோற்றைப் பிசைந்த கையை நிறுத்தினார். “சினிமா பார்க்கலாம். அதுல படிக்கிறதுக்கு என்ன இருக்கு?” என்றார். அவர் அத்தோடு விட்டுவிட்டார். நான்தான் விடவில்லை. சம்பளம், கடன், கோலாலம்பூரில் தனியாக இருப்பது என்று ஒவ்வொன்றாக அடுக்கினேன். கடைசியில், யோசிக்காமலேயே, “நாலு பேர் என்ன பேசுவாங்க?” என்றும் கேட்டுவிட்டேன். மகள் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டாள்.

பாட்டி மட்டும் ஒன்றும் பேசவில்லை. அப்பளத்தை நொறுக்கிச் சோற்றில் போட்டுக்கொண்டிருந்தார்.

பாட்டி என்றால் என் அம்மாவின் அம்மா. வயது 85. அம்மா தவறிய பிறகு லூனாஸில் எங்கள் தாமான் வீட்டில் எங்களோடுதான் இருக்கிறார். பிறந்து வளர்ந்தது, பால் மரம் வெட்டியது, பிள்ளை பெற்றது எல்லாம் இங்கிருந்து அதிக தூரமில்லாத ஒரு தோட்டத்தில். இன்று அந்தத் தோட்டம் இல்லை. லயங்கள் இருந்த இடத்தில் செம்பனை நிற்கிறது. மகளும் அவரைப் ‘பாட்டி’ என்றுதான் கூப்பிடுவாள். ‘கொள்ளுப் பாட்டி’ என்றால், “ஏன்டி என்னை இன்னும் கிழவியாக்குறே” என்பார்.

இரண்டு நாள் கழித்து, மாலை நேர வேலை முடிந்து மழையில் நனைந்தபடி வீட்டுக்கு வந்தேன். வரவேற்பறையில் மகளும் பாட்டியும் ஒரே கைத்தொலைபேசியை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். திரையில் கறுப்பு வெள்ளைப் படம். உடலோடு ஒட்டிய கறுப்பு உடையில், மை தீட்டிய பெரிய கண்களோடு ஒரு வெள்ளைக்காரப் பெண் சுவர் ஓரமாக நழுவிப் போய்க்கொண்டிருந்தாள். பேச்சு இல்லை.

“யாருடி இந்தத் திருடி?” என்று பாட்டி கேட்டார்.

“திருடிதான் பாட்டி. திருட்டுக் கும்பல்ல ஒருத்தி. பேரு முசிடோரா. பிரான்ஸ் நாட்டு நடிகை.”

நேர்காணலுக்கு யாராவது ஒரு திரைக் கலைஞரைப் பற்றிப் பேசத் தயாராக வரச் சொல்லியிருந்தார்களாம். மகள் தேர்ந்தெடுத்தது இவரை. அடுக்களையில் தலையைத் துவட்டியபடி நானும் கேட்டேன். இயற்பெயர் ழான் ரோக். 1889இல் பாரிசில் பிறந்தவர். 1915இல் வெளிவரத் தொடங்கிய ‘லே வாம்பீர்’ என்ற தொடர் படத்தில் இந்தக் கறுப்பு உடை வேடம் அவரைப் பிரான்ஸ் முழுக்கப் பேச வைத்தது. நடித்ததோடு நிற்கவில்லை, 1920களின் தொடக்கத்தில் தாமே படம் எடுத்தார், இயக்கினார். பேசும் படம் வருவதற்கு முன்பே அவருடைய காலம் முடிந்துவிட்டது. பிற்காலத்தில் பாரிசின் திரைப்படக் காப்பகத்தில் வேலை பார்த்தார். சில நாட்களில் அங்கே நுழைவுச் சீட்டு கொடுக்கும் இடத்திலும் உட்கார்ந்திருப்பாராம். சீட்டு வாங்குகிறவர்களில் பலருக்கு அவர் யாரென்றே தெரியாது. நமக்கு மெர்டேக்கா கிடைத்த 1957ஆம் ஆண்டில் அவர் காலமானார்.

பாட்டி எல்லாவற்றையும் கேட்டார். பிறகு சர்வ சாதாரணமாகச் சொன்னார்:

“நம்ம ஆளுங்கள்லயும் ஒருத்தி இருந்தா. ராஜலட்சுமின்னு. அவளும் நடிச்சா, அவளே படமும் எடுத்தா. வாத்தியார் சொல்லுவாரு.”

எந்த வாத்தியார் என்று கேட்பதற்குள் பாட்டி எழுந்து படுக்கப் போய்விட்டார்.

யார் இந்த ராஜலட்சுமி?

எம்ஜிஆர், சிவாஜி, சாவித்திரி, சரோஜாதேவி என்று பழைய படங்களைக் கரைத்துக் குடித்த குடும்பம் எங்களுடையது. ஆனால் ராஜலட்சுமி என்ற பெயரை நான் கேட்டதில்லை. அன்றிரவு மகளும் நானும் தேடினோம். ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு நாங்கள் இருவரும் சேர்ந்து செய்த முதல் வேலை அதுதான்.

டி.பி. ராஜலட்சுமி. டி என்றால் திருவையாறு, பி என்றால் தந்தை பஞ்சாபகேச சாஸ்திரி. 1911 நவம்பர் 11இல் தஞ்சைப் பகுதியின் திருவையாற்றில் பிறந்தார். அந்தக் காலத்து வழக்கப்படி விளையாட்டு வயதிலேயே கல்யாணம். அந்த வாழ்க்கை நிலைக்கவில்லை. பிறந்த வீட்டுக்குத் திரும்பினார். தந்தையும் இறந்துவிட, தாயும் மகளும் பிழைப்பு தேடித் திருச்சிக்குப் போனார்கள். சிறுமிக்குக் குரல் இருந்தது, ஒரு முறை கேட்டால் பாட்டு மனத்தில் நின்றுவிடும். தமிழ் நாடகத் தலைமையாசிரியர் என்று போற்றப்படும் சங்கரதாஸ் சுவாமிகளின் ஆதரவோடு நாடக மேடை ஏறினார்.

அந்த நாளில் இது எவ்வளவு பெரிய காரியம் என்பதை யோசிக்க வேண்டும். நாடகங்களில் சீதைக்கும் வள்ளிக்கும் ஆண்களே புடவை கட்டிய காலம். ‘ஸ்திரீ பார்ட்’ என்று அதற்கென்றே பையன்கள் பயிற்சி பெற்றார்கள். கல்யாணமாகிக் கணவனைப் பிரிந்த ஒரு பிராமணக் குடும்பத்துச் சிறுமி அரிதாரம் பூசி மேடையில் நிற்பதை ஊர் எப்படிப் பார்த்திருக்கும்? அந்த ‘நாலு பேர்’ அன்றும் இருந்திருப்பார்கள்.

மேடையிலிருந்து மௌனப் படங்களுக்குப் போனார். பிறகு 1931 அக்டோபர் 31ஆம் தேதி சென்னையில் ‘காளிதாஸ்’ வெளியானது. முதல் தமிழ்ப் பேசும் படம் என்று நாம் பொது அறிவுப் புதிரில் மனப்பாடம் செய்திருப்போமே, அதேதான். எச்.எம். ரெட்டி இயக்கம், பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் நிறுவனத் தயாரிப்பு. அதன் கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி. படத்தின் பெயரைப் படித்தோம், ஆண்டையும் படித்தோம். அதில் முதலில் தமிழ் பேசிய பெண்ணின் பெயரை எங்களுக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

அந்தப் படத்தைப் பற்றிய ஒரு செய்தியைப் படித்து இருவரும் சிரித்துவிட்டோம். ராஜலட்சுமி தமிழில் பேசுவாராம், கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வாராம். வேறு மொழியும் நடுவில் வருமாம். “நம்ம ஒட்டுக்கடை மாதிரிதான்மா இருந்திருக்கும்” என்றாள் மகள். உண்மைதான். லூனாஸில் காலை நேரத்தில் ஒரு மேசையில் தமிழும் மலாயும் ஹொக்கியனும் கலந்து ஓடும். ஒருவர் கேட்பது ஒரு மொழி, மற்றவர் சொல்வது இன்னொன்று, ஆனாலும் தே தாரேக் சரியாக வந்து சேரும். கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் காந்தியின் கைராட்டையைப் போற்றும் பாட்டும் அந்தப் படத்தில் இருந்தது. மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதியது. வெள்ளைக்காரன் ஆட்சியில் அதைத் திரையில் பாடியவரும் இவர்தான்.

1933இல் ‘வள்ளி திருமணம்’. கல்கத்தாவில் எடுக்கப்பட்ட படம். ராஜலட்சுமிதான் வள்ளி. படம் நன்றாக ஓடியது. உடன் நடித்த டி.வி. சுந்தரத்தைப் பிறகு மணந்துகொண்டார். சிறு வயதுக் கல்யாணம் முறிந்த பெண்ணுக்கு இன்னொரு வாழ்க்கை உண்டு என்று மேடையில் பேசுவதே துணிச்சலாக இருந்த காலத்தில், அவர் அதை வாழ்ந்து காட்டினார். மக்கள் அவரைச் ‘சினிமா ராணி’ என்று கூப்பிட்டார்கள்.

அதோடு நின்றிருந்தால் அவர் ஒரு புகழ்பெற்ற நடிகை, அவ்வளவுதான். ராஜலட்சுமி நாவலும் எழுதுவார். தாம் எழுதிய ‘கமலவல்லி’ என்ற கதையை 1936இல் ‘மிஸ் கமலா’ என்ற படமாக எடுத்தார். கதை அவர், தயாரிப்பு அவர், இயக்கம் அவர், நடிப்பும் அவர். தமிழில் படம் இயக்கிய முதல் பெண் அவர்தான். இந்திய அளவில் அவருக்கு முன்னால் 1926இல் பம்பாயில் பாத்மா பேகம் இயக்கியிருந்தார். மிஸ் கமலா மேல் அவருக்கு எவ்வளவு ஆசை என்றால், தமக்குப் பிறந்த மகளுக்கும் அந்தப் பெயரையே வைத்தார்.

பிறகு ‘மதுரை வீரன்’ படத்தை இயக்கினார். தேச விடுதலையைப் பேசும் ‘இந்தியத் தாய்’ என்ற படத்தில் பணத்தைப் போட்டார். பிரிட்டிஷ் ஆட்சியின் தணிக்கை அதை லேசில் விடவில்லை. பெரிய நட்டம். அதற்குப் பின் அவருடைய திரை வாழ்க்கை மெல்ல இறங்கியது. புதிய நாயகிகள் வந்தார்கள், படங்கள் குறைந்தன. 1961இல் கலைமாமணி விருது. 1964இல், 53 வயது நிறைவதற்கு முன்பே, காலமானார்.

வாசித்து முடித்ததும் நான் மகளிடம், “பாரு, கடைசியில நட்டம்தான்” என்றேன். அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். பதில் சொல்லவில்லை.

பிஸ்கட் டின்

மறுநாள் காலை பாட்டிக்குக் காப்பி கலந்து கொடுத்துவிட்டு, “எந்த வாத்தியார் பாட்டி சொன்னாரு?” என்று கேட்டேன். பாட்டி பதில் சொல்லாமல் தம் அறைக்குப் போய், கட்டிலுக்கு அடியிலிருந்து நீல நிறப் பிஸ்கட் டின்னை எடுத்து வந்தார். அடையாள அட்டை நகல், தாத்தாவின் சங்க அட்டை, அம்மாவின் பிறப்புப் பத்திரம், எல்லாவற்றுக்கும் அடியில் நான்காக மடித்த ஒரு காகிதம். மடிப்புகளில் கிழிந்து, பழுப்பேறிப் போன நாடக நோட்டீஸ்.

1958. தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழா. ‘வள்ளி திருமணம்’ நாடகம். முருகன், நாரதர், வேடர் தலைவன் என்று வரிசையாக ஆண்களின் பெயர்கள். வள்ளி என்ற இடத்திலும் ஓர் ஆணின் பெயர்.

“அந்த வள்ளி நான்தான்” என்றார் பாட்டி.

நான் காப்பிக் குவளையைக் கீழே வைத்தேன். நாற்பத்து மூன்று வருடங்களாக இவரைத் தெரியும். ஒரு வார்த்தை சொன்னதில்லை.

அதன் பிறகு பாட்டி சொன்னதை அவருடைய வரிசையிலேயே சொல்கிறேன். தோட்டத்துத் தமிழ்ப்பள்ளி வாத்தியார்தான் நாடகம் பழக்குவார். தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து வந்தவர். மாலையில் ஆயாக் கொட்டகையில் ஒத்திகை நடக்கும். பாட்டிக்கு அப்போது 18 வயது. தண்ணீர் எடுக்கப் போகிற சாக்கில் வெளியே நின்று கேட்டுக் கேட்டு முழு நாடகமும் பாடமாகிவிட்டது. காலையில் மரம் வெட்டும்போது ஒரு நிரையில் வள்ளியாகப் பாடுவார், அடுத்த நிரையில் முருகனாகப் பதில் பாடுவார். கங்காணி தொலைவில் வந்தால் நிறுத்திவிடுவார்.

திருவிழாவுக்கு இரண்டு நாள் இருக்கும்போது வள்ளி வேடம் கட்ட வேண்டியவருக்குப் பொன்னுக்கு வீங்கி வந்துவிட்டது. கன்னம் இரண்டும் உப்பி, வாயைத் திறக்க முடியவில்லை. நோட்டீஸ் ஏற்கெனவே கூலிமில் அச்சடித்து வந்தாயிற்று. வாத்தியாருக்கு யாரோ பாட்டியைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்கள். அவர் நேராக லயத்துக்கு வந்து பாட்டியின் அம்மாவிடம் கேட்டிருக்கிறார். பாட்டியின் அம்மா துடைப்பத்தை எடுக்காத குறைதான். அப்போதுதான் வாத்தியார் ராஜலட்சுமியின் கதையைச் சொன்னாராம். சிறு வயதில் அந்தப் படத்தை ஊரில் பார்த்தவர் அவர். வள்ளி வேடத்தை ஒரு பெண்ணே போட்டால் எப்படியிருக்கும் என்று கண்ணால் பார்த்திருக்கிறேன், அந்த அம்மாள் பெரிய இடத்துப் பிள்ளை, அவரே நடித்திருக்கிறார், இதில் தப்பில்லை என்று விளக்கியிருக்கிறார்.

“எங்கம்மாவுக்குப் படம் கிடம் ஒண்ணும் தெரியாது. ‘சாமி கதைதானே’ன்னு ஒத்துக்கிட்டாங்க” என்றார் பாட்டி.

எண்ணெய்ப் பீப்பாய்களை வரிசையாக நிறுத்தி, மேலே பலகை போட்டு மேடை. இரண்டு கேஸ் விளக்கு. ஒரு ஆர்மோனியம், ஒரு மிருதங்கம். முன்வரிசையில் கிராணிமாருக்கு நாற்காலி. மற்றவர்கள் பாய் விரித்துத் தரையில். குட்டிக்கூரா பவுடரைக் குழைத்துப் பூசி, யாரோ ஒருவரின் கல்யாணப் புடவையைக் கட்டிப் பாட்டி மேடைக்கு வந்திருக்கிறார். தினைப்புனத்தில் பரண் மேல் நின்று பறவை விரட்டும் காட்சி. முதல் வரி பாடியதும் கூட்டம் அப்படியே அடங்கிவிட்டதாம். ஆண் குரலில் கேட்டுப் பழகியவர்களுக்கு அது புதிதாக இருந்திருக்கும். நாடகம் முடியும்போது விடிந்துவிட்டது. பக்கத்துத் தோட்டத்திலிருந்து வந்தவர்கள் இரண்டு வெள்ளி, மூன்று வெள்ளி என்று தாளைப் புடவையில் குத்தினார்களாம்.

“எத்தனை வெள்ளி சேர்ந்துச்சு பாட்டி?” என்று மகள் கேட்டாள்.

“பதினேழு. அப்பா வாங்கிக்கிட்டாரு.”

அந்த அப்பாதான் மறுநாள் கள்ளுக்கடையில் நான்கு பேர் பேசியதைக் கேட்டுவிட்டு வந்தவர். “உன் மவ நல்லா ஆடுறா” என்று ஒருவன் சிரித்திருக்கிறான். அவ்வளவுதான். பேசி வைத்திருந்த ஒரு சம்பந்தம் அந்த மாதமே விட்டுப் போயிற்று. அடுத்த தை மாதத்தில் அவசர அவசரமாகப் பாட்டிக்குக் கல்யாணம். தாத்தா நல்ல மனிதர். ஒரு நாளும் கை நீட்டியதில்லை. ஆனால் கல்யாணப் பேச்சிலேயே ஒரு வார்த்தை வாங்கிக்கொண்டார்: இனி மேடை கூடாது. பாட்டி அந்த வார்த்தையைக் காப்பாற்றினார். தாத்தா இறந்து முப்பது வருடமான பிறகும்.

“மரத்துக்கிட்டகூடப் பாடலையா?” என்று நான் கேட்டேன்.

“பாடுவேன். மெதுவா. பால் வாளிக்குக் கேக்கிற மாதிரி” என்று சிரித்தார்.

என் அம்மா பள்ளியில் பாட்டுப் போட்டியில் பெயர் கொடுத்தபோது வேண்டாம் என்று தடுத்தவர் இதே பாட்டிதான். அம்மா அதைக் கடைசி வரை குறையாகச் சொல்வார். “பயம்தான்” என்றார் பாட்டி இப்போது. “எனக்குப் பேசின நாலு பேரு அவளுக்கும் பேசிடுவாங்களோன்னு.” ஞாயிற்றுக்கிழமை சாப்பாட்டு மேசையில் நான் சொன்ன அதே வார்த்தை. யாரிடமிருந்து எனக்கு வந்தது என்று அப்போது புரிந்தது.

பெட்டிக்குள் இருந்த படமும் தொலைந்த படமும்

அன்று இரவு மகள் ஒன்றைக் கண்டுபிடித்தாள். ‘மிஸ் கமலா’வைப் பார்க்க வேண்டும் என்று தேடியிருக்கிறாள். கிடைக்கவில்லை. ‘காளிதாஸ்’ படமும் இல்லை. நிழற்படங்களும் பத்திரிகை விளம்பரங்களும் பாட்டுப் புத்தகமுமாக மிஞ்சியிருக்கின்றன, படச்சுருள் இல்லை. 1930களின் தமிழ்ப் படங்களில் பெரும்பாலானவற்றின் கதி இதுதான். அன்றைய பிலிம் நைட்ரேட்டால் ஆனது. சுலபமாகத் தீப்பிடிக்கும், வெப்பத்தில் கெட்டுப்போகும். ஓடி முடிந்த சுருள்களை அதிலிருக்கும் வெள்ளிக்காக உருக்கிவிடுவதும் நடந்தது. ஓடாத படத்தைக் காப்பாற்றி வைத்து என்ன பயன் என்று எல்லாரும் நினைத்த காலம்.

“ஆனா முசிடோராவோட படம் நூறு வருஷத்துக்கு மேலாச்சு, என் போன்ல இருக்கு” என்றாள் மகள். “அது எப்படிம்மா?”

ஆண்டுகளை அடுக்கிப் பார்த்தோம். அந்த நடிகை பின்னாளில் வேலை செய்த பாரிஸ் திரைப்படக் காப்பகம் தொடங்கப்பட்டது 1936இல். மௌனப் படங்கள் குப்பைக்குப் போவதைப் பொறுக்க முடியாமல் ஆன்ரி லாங்லுவா என்ற இளைஞர் நண்பர்களோடு சேர்ந்து ஆரம்பித்தது. அதே 1936இல்தான் சென்னையில் ‘மிஸ் கமலா’ வெளிவந்தது. இந்தியாவில் புனே நகரில் தேசியத் திரைப்படக் காப்பகம் தொடங்கப்பட்டது 1964இல். ராஜலட்சுமி இறந்த ஆண்டு.

இருவரும் திறமைசாலிகள், இருவரும் நடித்தார்கள், இருவரும் இயக்கினார்கள், இருவரையும் அவர்கள் காலத்திலேயே உலகம் மறக்க ஆரம்பித்தது. ஒருவரின் படங்களை யாரோ பெட்டியில் போட்டுப் பூட்டி வைத்தார்கள். இன்னொருவருடையதை வைக்கவில்லை. அதனால்தான் லூனாஸில் இருக்கும் ஒரு தமிழ்ப் பெண்ணுக்குப் பாரிஸ் நடிகையைத் தெரிந்திருக்கிறது, திருவையாற்று நடிகையைத் தெரியவில்லை.

ராஜலட்சுமிக்காவது விருதும் பெயரும் கிடைத்தன. அவர் காலத்திலேயே மலையாளத்தின் முதல் கதாநாயகி பி.கே. ரோசிக்கு நடந்தது இன்னும் கொடுமை. ஜே.சி. டேனியல் எடுத்த ‘விகதகுமாரன்’ என்ற மௌனப் படத்தில், தலித் பெண்ணான அவர் நாயர் குலப் பெண்ணாக நடித்தார். திருவனந்தபுரத்தில் படம் திரையிடப்பட்டபோது ஆதிக்க சாதியினர் கல்லெறிந்து கலாட்டா செய்தார்கள். உயிருக்குப் பயந்து ஊரைவிட்டு ஓடியவர், நாகர்கோவில் பக்கம் வேறு பெயரில், யாருக்கும் தெரியாமல் வாழ்ந்து முடித்தார். அந்தப் படமும் இன்று இல்லை. கூகுள் தன் முகப்பில் அவரை நினைவுகூர்ந்தது 2023இல்.

இதையெல்லாம் படித்த பிறகு எனக்குச் சினிமா மேல் திடீரென்று காதல் வந்துவிடவில்லை. அதைச் சொல்லிவிட வேண்டும். பயம் அதிகமானது என்றுகூடச் சொல்லலாம். முதல் நாயகி, முதல் இயக்குநர் என்று எல்லாப் பெருமையும் பெற்றவருக்கே கடைசியில் நட்டம் என்றால், லூனாஸ் பெண்ணுக்கு என்ன கிடைக்கும்? இதைப் பாட்டியிடம் வாய்விட்டுக் கேட்டேன்.

பாட்டி வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னார். “நட்டம்னா, அவ பணம் போட்டா, போச்சு. அது அவ கணக்கு. எனக்கு அந்த ஒரு ராத்திரிக்கு என்ன நட்டம்னு இன்னிக்கு வரைக்கும் நான் எண்ணிப் பார்த்ததே இல்ல. மத்தவங்கதான் எண்ணிக்கிட்டிருந்தாங்க.”

நான் பேசவில்லை. மகளின் பணத்தையும் மகளின் வருடங்களையும் ஒரு வாரமாக எண்ணிக்கொண்டிருந்தவள் நான்தான்.

நேர்காணலுக்கு நானே அவளைக் கூட்டிக்கொண்டு போனேன். விடியற்காலையில் கிளம்பி, தெற்கே ஐந்து மணி நேரம். கணவருக்கு இன்னும் முழுச் சம்மதமில்லை. ஆனாலும் டோல் அட்டையில் ஐம்பது வெள்ளி ஏற்றி வைத்திருந்தார். வழியெல்லாம் மகள் பேசிப் பழகிக்கொண்டே வந்தாள். ஈப்போ தாண்டியதும், “மா, நான் முசிடோராவை மாத்திட்டேன். ராஜலட்சுமியைப் பத்திப் பேசப் போறேன்” என்றாள். காட்டுவதற்குப் படம் இல்லையே என்றேன். “அதைத்தான் பேசப் போறேன்” என்றாள்.

முடிவு இன்னும் வரவில்லை. கிடைத்தால் போகட்டும், கிடைக்காவிட்டால் பாலிடெக்னிக் இருக்கிறது என்று பேசி வைத்திருக்கிறோம். இப்போதைக்கு எங்கள் வீட்டுச் சமாதானம் அதுதான்.

ஊர் திரும்பிய மறுநாள் மகள் அந்த நோட்டீஸைப் பதமாக விரித்து, நகலெடுத்து, கண்ணாடிச் சட்டம் போட்டுக்கொண்டு வந்தாள். சட்டத்துக்குள் வைக்கும் முன் பேனாவை எடுத்து, வள்ளி என்ற வரியில் இருந்த ஆண் பெயரை அடித்துவிட்டுப் பாட்டி பெயரை எழுதப் போனாள். பாட்டி கையைப் பிடித்துத் தடுத்தார்.

“அவன் பேரை அடிக்காத. அவனும் பாவம், ரெண்டு மாசம் ஒத்திகை பார்த்தவன். நல்லா நடிப்பான். பக்கத்துல எழுது.”

பக்கத்தில் எழுதினாள். எழுத்துக் கூட்டிப் படித்துப் பார்த்துவிட்டு, “இனிஷியல் போடலை” என்றார் பாட்டி. இனிஷியலும் போட்டாள்.

இந்தக் கட்டுரையை எழுதப் போகிறேன் என்றபோது, “பேப்பர்ல உங்க பேரைப் போடட்டுமா பாட்டி?” என்று கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்தார்.

“பேப்பர்ல அந்த ராஜலட்சுமி பேரைப் போடு. எனக்கு நோட்டீஸ்ல இருந்தா போதும்.”

அதனால் இங்கே அவர் பெயர் இல்லை. எங்கள் வீட்டு வரவேற்பறைச் சுவரில் இருக்கிறது.